பளிக்கறையும் இரிடியக் கலசமும்

உள்ளே நிற்பவரின் உருவத்தை வெளியே காட்டும். அவர் எழுப்பும் ஒலியை மட்டும் வெளியே விடாது. அதனுள்ளே ஒரு பீடம். அதில் அரும்பை வைத்தால் மலரும். மலர்ந்த பூவை வைத்தால் ஆண்டுகள் பல கழிந்தாலும் வாடாது. வண்டும் அதனை மொய்க்காது. இத்தகைய பொருளொன்றைப் பற்றி இன்று ஒருவர் எழுதினால் அறிவியல் புனைகதை என்று அதற்குப் பெயர் சூட்டுவோம். இதனை எழுதியவரோ சீத்தலைச் சாத்தனார். மணிமேகலையின் ‘மலர்வனம் புக்க காதை’யில், புகார் நகரத்து உவவனத்தில் உள்ள பளிக்கறை மண்டபத்தையும், அதனுள் அமைந்த தாமரைப் பீடிகையையும் பற்றிச் சுதமதி மாதவிக்கு இவ்வாறு எடுத்துரைக்கிறாள்.

ஒலியைத் தடுக்கும் பளிங்கு, காலத்தைத் தடுக்கும் பீடம் ஆகிய இரண்டையும் ஒரு புலவர் தம் கற்பனையில் படைத்துக் காட்டினார். நெடுங்காலம் ஏட்டுச் சுவடியில் உறங்கிய அந்தக் காப்பியத்தை 1898ஆம் ஆண்டில் உ.வே.சாமிநாதையர் அச்சிட்டு நமக்கு அளித்தார். அன்று முதல் பளிக்கறையைப் பற்றி வியந்து பேசாத தமிழ் மேடை இல்லை எனலாம். ஆயினும் வியந்ததோடு நாம் நின்றுவிட்டோமோ என்னும் ஐயம் எனக்கு உண்டு. அந்த ஐயத்தை மாணவமணிகள் முன்னும், ஆசிரியப் பெருமக்கள் முன்னும், சமுதாயப் பெரியோர் முன்னும் வைப்பதே இக்கட்டுரையின் நோக்கம்.

பீடிகை ஏன் படைக்கப்பட்டது?

பலரும் எடுத்துக் கூறாமல் விடும் செய்தி ஒன்று அப்பகுதியிலேயே உள்ளது. ஒரு தெய்வத்தை உள்ளத்தில் எண்ணி அப்பீடிகையில் மலரை இட்டால், அம்மலர் அத்தெய்வத்தின் அடியைச் சென்று சேரும். எதனையும் எண்ணாது இட்டால், எங்கும் செல்லாது அங்கேயே கிடக்கும். இவ்வியப்புக்குக் காரணமும் சொல்லப்படுகிறது. எண்ணம் இல்லாமல் செய்த செயலுக்கும் பயன் உண்டு என்று ஒரு சாரார் வாதிட்டனர். எண்ணம் இன்றேல் வினையும் இல்லை என்று மற்றொரு சாரார் வாதிட்டனர். முன்னவர் கூற்றை மறுக்கவும், பின்னவர் கூற்றுக்குச் சான்று காட்டவும் மயன் முற்காலத்தில் செய்து வைத்ததே அந்தப் பீடிகையாம்.

இங்குதான் நாம் சற்று நின்று சிந்திக்க வேண்டும். சாத்தனாரின் விந்தைப் பொருள் வெறும் வேடிக்கைக்காகச் செய்யப்பட்டதன்று. அஃது ஒரு வழக்கைத் தீர்க்கச் செய்த சோதனைக் கருவி. எண்ணி ஒரு மலரை இடு. எண்ணாது ஒரு மலரை இடு. இரண்டின் விளைவையும் ஒப்பிட்டுப் பார். இன்றைய ஆய்வுக்கூடத்தில் ஒரு நிலைமையை மட்டும் மாற்றி மற்றவற்றை மாற்றாது வைத்துச் செய்யும் சோதனைக்கும் இதற்கும் உள்ள ஒற்றுமை எண்ணி மகிழத்தக்கது. கொள்கை பௌத்தக் கொள்கை; அதனை ஏற்பதும் மறுப்பதும் அவரவர் உரிமை. ஆனால் ‘நீயே இட்டுப் பார்’ என்று அழைக்கும் அந்தப் பாங்கு அனைவர்க்கும் பொதுவானது.

அந்நூலில் இன்னும் இரு விந்தைகள் உண்டு. மணிபல்லவத் தீவில் உள்ள பாதபீடிகை, கண்டவர்க்கு முற்பிறப்பை உணர்த்தும். இறந்த காலத்தைத் திறந்து காட்டும் கல் அது. மற்றொன்று அமுதசுரபி. அள்ள அள்ளக் குறையாத அப்பாத்திரம் முதலில் ஆபுத்திரன் கையில் இருந்தது. உணவு கேட்பார் எவரும் இல்லாத நிலை வந்தபோது அவன் அதனைத் தனக்கென வைத்துக்கொள்ளவில்லை. கோமுகிப் பொய்கையில் விட்டுவிட்டான். ஆண்டுக்கொரு முறை, வைகாசித் திங்களில் அது நீரின் மேல் தோன்றும். அப்படித் தோன்றிய நாளில்தான் மணிமேகலை அதனைப் பெற்றாள். புகாரில் ஆதிரை இட்ட பிச்சையோடு அவளுடைய அறப்பணி தொடங்குகிறது.

சங்க காலத்தில் அதியமான் நெடுமான் அஞ்சிக்குக் கிடைத்த நெல்லிக்கனியும் இந்த வரிசையில் வைத்து எண்ணத்தக்கது. உண்டாரை நெடுநாள் வாழச் செய்யும் கனி என்று கருதப்பட்ட அதனை அவன் தான் உண்ணாது ஔவையாருக்கு ஈந்தான். புறநானூற்றின் 91ஆம் பாடல் இதற்குச் சான்று. காலத்தை வெல்லும் பொருள் கையில் கிடைத்தும், அதனை விலை பேசாமல் பிறர்க்கு வழங்கியவரையே நம் இலக்கியம் போற்றியிருக்கிறது.

இரசவாதம் கண்ட கனவு

இலக்கியத்துக்கு வெளியே வேறொரு மரபும் உண்டு. நம் சித்தர் மரபில் பாதரசம் பெரும் பேச்சுக்கு உரியது. நீர்போல் ஓடும் அந்த உலோகத்தைக் கட்டி மணியாக்கினால் முதுமை அணுகாது என்றும், குளிகையாக்கி வாயில் அடக்கினால் வானில் செல்லலாம் என்றும் கதைகள் வழங்குகின்றன. போகர் அவ்வாறு சீனம் சென்றார் என்பதும் அம்மரபின் நம்பிக்கை. பாதரசம் வியப்புக்குரிய பொருள் என்பதில் ஐயமில்லை. அது நீரைப் போல் ஏறத்தாழ 13½ மடங்கு எடை உடையது. உறைவதற்குச் சுழிக்குக் கீழே 39 பாகை செல்சியசு அளவுக் குளிர் வேண்டும். வெள்ளி, வெள்ளீயம் போன்ற உலோகங்களுடன் கலந்தால் அது கட்டியாகிவிடும். சந்தையில் இரசமணி என்ற பெயரில் கிடைப்பவற்றுள் பல இத்தகைய கலவைகளே. அது முதுமையைத் தடுக்காது. மாறாக, பாதரச ஆவியை நெடுநாள் சுவாசிப்போரின் நரம்பும் சிறுநீரகமும் கெடும் என்பது மருத்துவம் கண்ட உண்மை.

அரபு நாட்டிலும் இதே கனவு இருந்தது. ‘அல்கிமியா’ என்னும் சொல்லிலிருந்தே ஆங்கிலத்தில் வேதியியலைக் குறிக்கும் ‘கெமிஸ்ட்ரி’ பிறந்தது. ஆயுளை நீட்டும் மருந்தைக் குறிக்கும் ‘எலிக்ஸிர்’ என்னும் சொல் ‘அல்இக்ஸீர்’ என்பதன் திரிபு. ஆயினும் அந்த அறிவுலகிலிருந்தே மறுப்பும் எழுந்தது. 1037இல் மறைந்த இப்னு சீனா, ஓர் உலோகத்துக்கு வேறோர் உலோகத்தின் நிறத்தை ஏற்றலாமேயன்றி, அதன் இயல்பையே மாற்ற முடியாது என்று எழுதினார். பதினான்காம் நூற்றாண்டில் ‘முகத்திமா’ எழுதிய இப்னு கல்தூன், இயல்பான வழிகளில் பொருள் ஈட்ட இயலாதோரே இரசவாதத்தில் மனம் வைக்கிறார்கள் என்று அதன் சமுதாயக் காரணத்தையும் சுட்டிக் காட்டினார். ஆறு நூற்றாண்டுகளுக்கு மேலாகியும் அவருடைய கூற்று பழமையாகிவிடவில்லை என்பதை எம் வட்டாரத்தில் நிகழ்ந்த ஒன்றால் அறிந்தேன்.

ஏழாயிரம்பண்ணையில் நிகழ்ந்தது

விருதுநகர் மாவட்டத்தின் தென்பகுதிக் கரிசல் நிலத்தில் அமைந்த ஊர் ஏழாயிரம்பண்ணை. மழையை நம்பிய வேளாண்மை கைவிட்ட இடத்தில் தீப்பெட்டியும் பட்டாசும் அப்பகுதி மக்களுக்குச் சோறு போட்டன. அங்கு என் தாய்மாமன் முறையாகும் ஒருவர், பட்டாசுத் தொழிலில் முப்பது ஆண்டுகள் மருந்து கலக்கும் வேலை பார்த்தவர். வெடியுப்பு, கந்தகம், கரி, அலுமினியத் தூள் ஆகியவற்றின் குணம் அவருக்குத் தம் பிள்ளைகளின் குணத்தைப் போல் தெரியும். கைக்கணக்கில் கலப்பவரைக் கண்டால் சினந்து விரட்டுவார். தராசில் நிறுத்த பின்னரே கலப்பார். கலந்த மருந்தை மறுநாளைக்கு மீத்து வைக்க விடமாட்டார். பருத்தி உடை தவிர வேறு உடுத்தி வேலைக்கு வருவோரைத் திருப்பி அனுப்பிவிடுவார்.

அப்படிப்பட்டவரிடம் சிலர் வந்தார்கள். பழங்காலத்துச் செப்புக் கலசம் ஒன்று இருப்பதாகவும், அதன்மீது இடி இறங்கியதால் அதிலுள்ள இரிடியம் அளவற்ற ஆற்றல் பெற்றுவிட்டதாகவும், அருகில் வைத்த அரிசியை அது தன்பால் இழுப்பதாகவும் சொன்னார்கள். வெளிநாட்டு விண்வெளி நிறுவனம் அதனைப் பல கோடிக்கு வாங்கக் காத்திருப்பதாகவும், சோதிக்க வரும் விஞ்ஞானிகளின் செலவுக்கு மட்டும் முன்பணம் தேவை என்றும் கூறினார்கள். மங்கிய வெளிச்சத்தில் அரிசி நகர்வதையும் காட்டினார்கள். “தொட்டுப் பார்க்கலாமா?” என்று இவர் கேட்டபோது, “கதிர்வீச்சு தாக்கும் அண்ணாச்சி, பத்தடி தள்ளியே நில்லுங்கள்” என்றார்களாம்.

மகளின் திருமணத்துக்கென்று சேர்த்த பணமும், அடகு வைத்த நகையும் போயின. அடுத்த மாதம், அதற்கடுத்த மாதம் என்று இரண்டு ஆண்டுகள் ஓடின. திருமணம் தள்ளிப் போயிற்று. ஊர் சிரிக்கும் என்று நாணிக் காவல் நிலையத்துக்கும் அவர் செல்லவில்லை. “முப்பது வருசம் நிறுத்துப் பார்த்துத்தான் மருந்து கலந்தேன் மாப்பிள்ளை. அந்தச் செம்பை மட்டும் நிறுத்துப் பார்க்காமல் விட்டுவிட்டேனே!” என்று அவர் என்னிடம் சொன்னபோது எனக்கு மறுமொழி தோன்றவில்லை.

அவர் நிறுத்துப் பார்த்திருந்தால் என்ன கண்டிருப்பார்? இரிடியம் 1803ஆம் ஆண்டில் ஸ்மித்சன் டென்னன்ட் என்னும் ஆங்கிலேய வேதியியலார் கண்டறிந்த தனிமம். அணு எண் 77. உலகில் மிகுந்த அடர்த்தி உடைய உலோகங்களுள் ஒன்று. நீரைப் போல் இருபத்திரண்டரை மடங்கு எடை. செம்பு நீரைப் போல் ஒன்பது மடங்குதான். எனவே ஒரு செம்பின் எடையையும், அது நீரில் மூழ்கும்போது வெளியேற்றும் நீரின் அளவையும் கொண்டே அதில் இரிடியம் மிகுதியாக உள்ளதா என்று கணக்கிட்டுவிடலாம். ஆர்க்கிமிடீசின் இவ்வழியைப் பள்ளி மாணவனும் அறிவான். இரிடியம் காந்தத்தைப் போல் எதனையும் இழுக்காது. அரிசியை இழுக்கும் உலோகம் என்று ஒன்று உலகிலேயே இல்லை. அரிசியில் இரும்புத் தூளைப் பூசிக் காந்தத்தை மறைத்து வைத்தாலும், தேய்த்த பொருளில் எழும் நிலைமின்சாரத்தைக் கொண்டும் அந்த வேடிக்கையைக் காட்டிவிடலாம். தமிழகத்தின் பல மாவட்டங்களில் இத்தகைய மோசடி வழக்குகள் பதிவாகியும் ஏமாறுவோர் குறைந்தபாடில்லை.

வேறுபாடு எங்கே?

சாத்தனாரின் பீடிகையும் ஒரு கற்பனை. மோசடிக்காரரின் கலசமும் ஒரு கற்பனை. ஒன்று நம்மை உயர்த்துகிறது. மற்றொன்று குடியைக் கெடுக்கிறது. இரண்டுக்கும் இடையே உள்ள வேறுபாட்டை மாணவர்க்குக் காட்டுவதே தமிழாசிரியரின் கடமை என்பது என் துணிபு. பீடிகை எல்லாரும் புகக்கூடிய மலர்வனத்தில் இருந்தது. கலசம் பூட்டிய அறையில் இருந்தது. பீடிகை ‘இட்டுப் பார்’ என்றது. கலசம் ‘தொடாதே’ என்றது. பீடிகை எவரிடமும் முன்பணம் கேட்கவில்லை.

இங்கு நம்மவர் இருதிறத்தாரோடும் நான் மாறுபடுகிறேன். ஒரு திறத்தார், இத்தகைய விந்தைகள் நிறைந்த நூல்களைப் பயிற்றுவதே மூடநம்பிக்கையை வளர்க்கும் என்பர். அவர்கள் கற்பனையின் பயனை அறியாதவர்கள். இல்லாத ஒன்றை எண்ணிப் பார்க்கும் ஆற்றல் இன்றேல் அறிவியலும் இல்லை. அமெரிக்க இயற்பியலார் பிராங்க் வில்செக், இடத்தில் ஒழுங்காக அடுக்கப்படும் படிகம்போல் காலத்திலும் ஒழுங்கு காட்டும் ‘காலப்படிகம்’ ஒன்று இருக்கலாம் என்று 2012இல் எண்ணிப் பார்த்தார். அவர் முதலில் சொன்ன வடிவம் இயலாது எனப் பிறர் நிறுவினர். திருத்திய வடிவத்தைச் சில ஆண்டுகளில் ஆய்வுக்கூடத்தில் கண்டனர். கற்பனை பிழைபட்டதும், திருத்தப்பட்டதும், மெய்ப்பிக்கப்பட்டதும் அனைவர் கண்முன்னே நிகழ்ந்தன.

மற்றொரு திறத்தார், பளிக்கறை உண்மையிலேயே இருந்தது, ஒலி புகாக் கண்ணாடியை நம் முன்னோர் அன்றே செய்துவிட்டனர், அந்த இரகசியம் தொலைந்துபோயிற்று என்று மேடைதோறும் முழங்குவர். கைதட்டல் கிடைக்கிறது. ஆனால் மோசடிக்காரர் பேசும் மொழியும் இதுவே அன்றோ! பழங்காலத்துப் பொருள், முன்னோர் இரகசியம், வெள்ளைக்காரன் தேடி அலைகிறான் என்ற சொற்களைத்தான் என் மாமனிடமும் அவர்கள் சொன்னார்கள். மேடையில் நாம் விதைத்ததை அவர்கள் திண்ணையில் அறுவடை செய்தார்கள். இதைச் சொல்வது தமிழ்ப் பற்றுக்கு மாறானது என்று எவரும் கருத வேண்டியதில்லை. 2022 முதல் வெம்பக்கோட்டை அருகே விஜயகரிசல்குளத்தில் நடைபெற்ற அகழாய்வில் கண்ணாடி மணிகளும் சங்கு வளையல் துண்டுகளும் மண்ணிலிருந்து வெளிப்பட்டன. கையில் எடுத்துக் காட்டக்கூடிய அந்தச் சிறு மணி, சான்றில்லாத ஓராயிரம் பெருமைகளைவிட நமக்கு மதிப்புடையது.

உண்மையே பெருவிந்தை

இரிடியத்தைப் பற்றிய மெய்க்கதை பொய்க்கதையைக் காட்டிலும் வியப்பானது. இத்தாலியின் குப்பியோ நகரருகே பாறைகளுக்கு நடுவே உள்ள மெல்லிய களிமண் படிவில் இரிடியம் வழக்கத்துக்கு மாறாக மிகுந்திருப்பதை லூயி ஆல்வாரஸ், அவர் மகன் வால்டர் ஆல்வாரஸ் ஆகியோரும் உடன் ஆய்ந்தோரும் கண்டு 1980இல் வெளியிட்டனர். புவியின் மேற்பரப்பில் அரிதான அந்த உலோகம் விண்கல்லில் மிகுதி. ஆகவே ஏறத்தாழ 6 கோடியே 60 இலட்சம் ஆண்டுகளுக்கு முன் பெருவிண்கல் ஒன்று மோதியதாலேயே டைனோசார் இனம் அழிந்தது என அவர்கள் உரைத்தனர். மெக்சிகோவின் யுகாட்டான் பகுதியில் புதைந்திருந்த பெரும் பள்ளம் பின்னர் அதற்குச் சான்றாயிற்று. மணிபல்லவத்துப் பாதபீடிகை ஒருவரின் முற்பிறப்பைக் காட்டியது. விரலளவு களிமண்ணோ புவியின் பழைய வாழ்வையே காட்டிவிட்டது!

காலம் வளைவதும் கற்பனையன்று. பொருளின் ஈர்ப்பு காலத்தின் ஓட்டத்தை மெதுவாக்கும் என்று ஐன்ஸ்டைன் கூறினார். ஏறத்தாழ 20,200 கிலோமீட்டர் உயரத்தில் சுற்றும் வழிகாட்டிச் செயற்கைக்கோள்களின் கடிகாரங்கள், அவற்றின் வேகத்தால் ஏற்படும் தாமதம் போக, நாளொன்றுக்கு ஏறத்தாழ 38 மைக்ரோ நொடி முந்தி ஓடுகின்றன. அதனைத் திருத்தாவிடில் கைப்பேசி காட்டும் வழி தவறிவிடும். காலத்தை வளைக்கும் பொருளைத் தேடி எவரும் முன்பணம் கட்ட வேண்டியதில்லை. நாம் நிற்கும் இந்தக் கரிசல் மண்ணே அதனைச் செய்துகொண்டிருக்கிறது.

ஏழாயிரம்பண்ணை மக்களின் கையிலும் காலம் இருக்கிறது. பட்டாசின் திரி என்பது வேறென்ன? பற்ற வைத்தவன் விலகி ஓடும் அளவுக்குக் காலத்தை அளந்து நூலில் பொதிந்து வைத்ததே திரி. அந்த அளவு தவறினால் என்ன ஆகும் என்பதை அவ்வட்டாரம் அறியும். 2012 செப்டம்பர் 5ஆம் நாள் சிவகாசியை அடுத்த முதலிப்பட்டியில் முப்பதுக்கும் மேற்பட்டோர் மாண்டனர். 2021 பிப்ரவரி 12ஆம் நாள் அச்சங்குளத்தில் இருபதுக்கும் மேற்பட்டோர் மாண்டனர். பீடிகை எண்ணத்தைக் கேட்டது. வெடிமருந்து எண்ணத்தைக் கேட்பதில்லை. தெரியாமல் உரசினாலும் அது வெடிக்கும். நல்லவன் கை, தீயவன் கை என்ற வேறுபாடு அதற்கு இல்லை. இயற்பொருள்களின் உலகம் இவ்வாறே இயங்குகிறது, அங்கு நம் நல்லெண்ணம் மட்டும் நம்மைக் காக்காது, அறிவே காக்கும்.

நாம் செய்ய வேண்டுவன

மணிமேகலையைப் பாடமாக நடத்தும் ஆசிரியர், பளிக்கறையைக் கற்பிக்கும் நாளில் மாணவரை இயற்பியல் ஆய்வுக்கூடத்துக்கு அழைத்துச் செல்லட்டும். கண்ணாடிக் குடுவைக்குள் மணியை ஒலிக்கச் செய்து காற்றை வெளியேற்றினால், மணி அசைவது தெரியும். ஓசை தேய்ந்து மறையும். அந்த நொடியில் மாணவன் சாத்தனாரை மதிப்பான், இயற்பியலையும் மதிப்பான். இரண்டும் வேறு வேறு என்பதையும் அறிவான்.

மாணவர்கள் விடுமுறையில் தம் ஊருக்குச் செல்லும்போது மூன்று வினாக்களை உடன் எடுத்துச் செல்லட்டும். அதனை நிறுத்துப் பார்க்க விடுவார்களா? தொடர்பில்லாத ஒருவர் சோதிக்க ஒப்புவார்களா? கோடி பெறும் பொருளை வைத்திருப்பவர் நம்மிடம் ஏன் ஆயிரங்களைக் கேட்கிறார்? வீட்டுப் பெரியவர் ஒருவரேனும் இம்மூன்றையும் கேட்கத் தொடங்கினால் ஒரு குடும்பம் பிழைக்கும்.

சமுதாயப் பெரியோர்க்கு ஒரு வேண்டுகோள். ஏமாந்தவரை எள்ளி நகையாடாதீர்கள். ஊர் சிரிக்கும் என்ற அச்சமே மோசடிக்காரருக்கு அரணாக நிற்கிறது. பள்ளிவாசல் முற்றத்திலும் ஊர்ச் சாவடியிலும் இதனை வெளிப்படையாகப் பேசுங்கள். காவல் நிலையத்துக்குச் செல்ல அஞ்சுபவருக்கு உடன் துணையாகச் செல்லுங்கள். இப்னு கல்தூன் சொன்னதுபோல், நேரிய உழைப்பால் உயர வழியில்லை என்று தோன்றும் இடத்தில்தான் இந்தக் கனவு விலை போகிறது. முப்பது ஆண்டுகள் நெருப்போடு வாழ்ந்த ஒருவர்க்கு மகளின் திருமணச் செலவு மலையாகத் தோன்றும் நிலையை மாற்றாமல், அவருடைய பேராசையை மட்டும் பழிப்பது நேர்மையாகாது.

என் மாமன் இப்போது வேலைக்குச் செல்வதில்லை. அவர் மகளின் திருமணம் சென்ற ஆண்டு உறவினர் பலரின் உதவியோடு எளிய முறையில் நடந்தேறியது. அன்று அவர் என்னை அருகில் அழைத்து, “உன் பிள்ளைகளுக்கு அந்தச் செம்புக் கதையைச் சொல், மாப்பிள்ளை. என் பெயரைச் சொல்லியே சொல்” என்றார். பெயரை இங்கு நான் எழுதவில்லை. கதையைச் சொல்லிவிட்டேன்.